கல்லணையிலிருந்து பூம்புகார் வரை: காவிரியை ஒட்டி ஒரு மாநில நெடுஞ்சாலை

தமிழ்நாட்டின் மாநில நெடுஞ்சாலை 22-க்குக் கல்லணை–காவிரிப்பூம்பட்டினம் சாலை என்று பெயர். கல்லணையில் தொடங்கித் திருக்காட்டுப்பள்ளி, திருவையாறு, கபிஸ்தலம், சுவாமிமலை, கும்பகோணம், ஆடுதுறை, மயிலாடுதுறை வழியாகப் பூம்புகார்க் கடற்கரையில் முடியும் இச்சாலையின் நீளம் ஏறத்தாழ 120 கிலோமீட்டர். மாநில நெடுஞ்சாலைக்கு உரிய பச்சை வண்ணத் தலைப்புடைய கிலோமீட்டர் கற்கள் வழியெங்கும் நிற்கின்றன. எனினும் பல இடங்களில் இரண்டு பேருந்துகள் எதிரெதிரே வந்தால் ஒன்று மண்ணில் இறங்க வேண்டிய அகலமே அதற்கு உண்டு.

இச்சாலை ஏன் இவ்வளவு வளைகிறது என்று சலித்துக்கொள்பவர்கள் வரைபடத்தில் காவிரியின் போக்கை ஒருமுறை பார்த்தால் போதும். ஒவ்வொரு வெள்ளத்திலும் ஆறு தான் சுமந்து வரும் மணலையும் வண்டலையும் கரையருகே முதலில் இறக்கிவிடுவதால், டெல்டாவில் ஆற்றங்கரையே மேட்டு நிலமாகவும், கரையை விட்டு விலக விலக நிலம் தாழ்ந்து வயலாகவும் அமைந்திருக்கிறது. வெள்ளத்துக்கு அஞ்சிய ஊர்கள் மேட்டில் அமைந்தன. ஊர்களை இணைத்த வண்டிப்பாதையும் அந்த மேட்டை விட்டு இறங்கவில்லை. 1943-இல் வகுக்கப்பட்ட நாக்பூர்த் திட்டம் இந்தியச் சாலைகளைத் தேசிய நெடுஞ்சாலை, மாநில நெடுஞ்சாலை, மாவட்டச் சாலை, கிராமச் சாலை என்று தரம் பிரிக்க வழிவகுத்தது. தரமும் எண்ணும் பின்னால் வந்தவை. தடம் ஆறு போட்டுக் கொடுத்தது.

காவிரி, கொள்ளிடம், வெண்ணாறு, புது ஆறு எனத் தண்ணீர் பிரியும் இடம் கல்லணை. கரிகாலன் கட்டியதாகப் போற்றப்படும் இவ்வணையின் கட்டுமான நுட்பத்தைப் பத்தொன்பதாம் நூற்றாண்டில் ஆங்கிலேயப் பொறியாளர் ஆர்தர் காட்டன் ஆராய்ந்து வியந்ததைப் பாசனத் துறையினர் இன்றும் பெருமையாகச் சொல்வார்கள். அங்கிருந்து கிழக்கே வந்தால், காவிரியிலிருந்து குடமுருட்டி பிரியும் திருக்காட்டுப்பள்ளி. அதற்கும் கிழக்கே நடுக்காவேரி. சிலப்பதிகாரத்துக்கு உரை எழுதிய ந. மு. வேங்கடசாமி நாட்டாரின் ஊர் இது. பெயருக்கு முன்னுள்ள 'ந' இவ்வூரைத்தான் குறிக்கிறது. கண்டியூர் தாண்டிப் பாலம் ஏறினால் காவிரியின் வடகரையில் திருவையாறு. 1847-இல் மறைந்த தியாகராஜரின் சமாதி ஆற்றங்கரையிலேயே இருப்பதால், அவர் மறைந்த திதியான புஷ்ய பகுள பஞ்சமியை ஒட்டிய ஆராதனை நாட்களில் இங்கே வண்டி நிறுத்த இடம் தேடி அலைய நேரிடும்.

கோவலனும் கண்ணகியும் நடந்த வழி இதுவே என்று சொல்லிவிட ஆசையாகத்தான் இருக்கிறது. ஆனால் சிலப்பதிகாரத்தின் நாடுகாண் காதை அதற்கு முழுதும் இடம் கொடுக்கவில்லை. புகாரை விட்டுப் புறப்பட்டவர்கள் காவிரியின் வடகரையைப் பற்றியே மேற்கு நோக்கிச் செல்கிறார்கள். வழியில் சமணத் துறவியான கவுந்தியடிகள் சேர்ந்துகொள்ள, ஒரு நாளில் ஒரு காவதத்துக்கு (பழைய தூர அளவு) மேல் நடக்காமல் பல நாள் தங்கித் தங்கி அரங்கத்தை (ஸ்ரீரங்கம்) அடைந்த பிறகே ஓடத்தில் ஏறித் தென்கரைக்கு வருகிறார்கள். நம் நெடுஞ்சாலையோ கும்பகோணத்திலிருந்து மயிலாடுதுறை வரை தென்கரையில் செல்கிறது. தேவாரத் தலங்களைக் காவிரி வடகரை 63, தென்கரை 127 என்று பிரித்து வழங்கும் மரபை அறிந்தவர்களுக்கு இந்த வேறுபாடு உடனே விளங்கும்: கண்டியூர் தென்கரைத் தலம், திருவையாறு வடகரைத் தலம், மயிலாடுதுறை மறுபடியும் தென்கரைத் தலம். காப்பியத்தின் தடத்தில் செல்ல விரும்புபவர் திருவையாற்றுப் பகுதியில் மட்டும் இச்சாலையை நம்பலாம். மற்ற இடங்களில் வடகரையின் சிறு சாலைகளைத்தான் தேட வேண்டும்.

சுவாமிமலையில் முருகன் கோயிலுக்கு வருபவர்களில் பெரும்பாலோர் தரிசனம் முடிந்ததும் திரும்பிவிடுகிறார்கள். அருகிலுள்ள வார்ப்புப் பட்டறை ஒன்றில் அரைமணி நேரம் நின்றால், இச்சாலை ஏன் ஆற்றை விடவில்லை என்பதற்கு இன்னொரு சான்று கிடைக்கும். மெழுகும் குங்கிலியமும் கலந்து வடித்த உருவத்தின் மேல் ஸ்தபதிகள் முதலில் பூசுவது காவிரியின் வண்டல் மண்ணை. மாவு போன்ற அந்த மண் விரல் நகத்தின் வளைவையும் ஆபரணத்தின் மணிகளையும் பிசகாமல் பதித்துக்கொள்ளும். நிழலில் உலர்ந்த பின் கனமான மண்பூச்சு ஏறும். கம்பி கட்டிச் சூடாக்கும்போது மெழுகு உருகி வெளியேற, அந்த வெற்றிடத்தில் உருக்கிய உலோகம் இறங்கும்.

கும்பகோணத்தைக் கடப்பதற்குப் பொறுமை தேவை. அதற்குமேல் அதன் போக்குவரத்தைப் பற்றிச் சொல்ல ஒன்றுமில்லை. அதன் பிறகு மூன்றாம் குலோத்துங்கன் கட்டிய கோயிலும் பட்டுத் தறிகளும் உள்ள திருபுவனம், மகாலிங்கசுவாமி கோயில் கொண்ட திருவிடைமருதூர், 1922-இல் தொடங்கிய நெல் ஆராய்ச்சி நிலையம் உள்ள ஆடுதுறை என்று அடுத்தடுத்து ஊர்கள் வந்துகொண்டே இருக்கும். விதைக் கடைகளில் 'ஏடிடீ' என்று தொடங்கும் நெல் ரகங்கள் அனைத்தும் ஆடுதுறையின் பெயரைத் தாங்கியவை. 1960-களில் வெளிவந்த குறுகிய கால ரகமான ஏடிடீ 27, தஞ்சைக் குறுவையின் போக்கையே மாற்றியது.

விக்கிரவாண்டியிலிருந்து கும்பகோணம் வழியாகத் தஞ்சாவூருக்குச் செல்லும் நான்குவழிச் சாலை, தொலைதூர வண்டிகளைத் தன் பக்கம் இழுத்துக்கொள்ளத் தொடங்கியுள்ளது. இதை இழப்பாகக் கருதும் நண்பர்களோடு நான் உடன்படவில்லை. வேகத்துக்கு ஒரு சாலை கிடைத்த பிறகு, இதனை அகலப்படுத்துவதற்காகக் கரையோர மரங்களை வெட்ட வேண்டிய கட்டாயம் குறையும் என்பதே என் கணக்கு. பாலங்களைப் பலப்படுத்துவதும், திருவிடைமருதூர், குத்தாலம் போன்ற ஊர்களின் நடுவே நடைபாதை அமைப்பதும் இங்கே முதலில் நடக்க வேண்டிய பணிகள்.

மயிலாடுதுறைக்கு அப்பால் செம்பொனார்கோயிலும் மேலையூரும் கடந்தால் காற்றில் உப்பு ஏறும். காவிரி கடலில் கலக்கும் இடத்தைப் பூம்புகாரில் முதன்முறையாகப் பார்ப்பவர்கள் ஏமாறக்கூடும். கல்லணையில் அகன்று கிடந்த ஆறு, வழிநெடுகக் கிளைகளுக்கும் வாய்க்கால்களுக்கும் தண்ணீரைப் பிரித்துக் கொடுத்துவிட்டு, இங்கே ஒரு வாய்க்கால் அளவுக்கு ஒடுங்கியே கடலைச் சேர்கிறது. ஆற்றின் முழு அகலத்தையும் காண விரும்புபவர்கள், மேட்டூர் அணை திறந்து கல்லணைக்குத் தண்ணீர் வந்து சேர்ந்த பிறகு, பயணத்தை மேற்கு முனையிலிருந்து தொடங்குவதே நல்லது.