பிரெஞ்சு நடிகர் ஜெரார் ஃபிலிப்பை யாருக்காவது நினைவிருக்கிறதா?

1959 நவம்பரில் கல்லீரல் புற்றுநோயில் போனபோது வயது 36தான். மேடையில் லெ சிட் நாடகத்தில் போட்ட அதே உடையிலேயே ரமத்துவெல் ஊரில் புதைத்தார்கள்.

சினிமாவில் நல்ல மார்க்கெட் இருந்தபோதே, 1951-இல் நாடக இயக்குநர் ழான் விலாரின் தேசிய மக்கள் நாடக அரங்கில் போய்ச் சேர்ந்தவர், அதுவும் உழைக்கும் மக்களுக்கும் கட்டுப்படியாகும் விலையில் டிக்கெட் விற்ற ஒரு குழுவில், நட்சத்திரத்துக்கான சம்பளம் எதுவும் கேட்காமல்! அந்த வருடம் அவிஞோன் நாடக விழாவில் ஒத்திகையின்போது விழுந்து அடிபட்டும் லெ சிட் முதல் காட்சியை உட்கார்ந்தபடியே நடித்தார். அப்புறம் நடிகர் சங்கத் தலைவர் பொறுப்பு வேறு.

சோகத்தை விடுங்கள். அவர் நடித்த ஃபான்ஃபான் லா துலிப் (1952) படத்தைப் பாருங்கள், கூரை மேல் வாள்சண்டை, செம ஜாலி.