இத்தாலியில் பாஸ்தா வகுப்பு: பணம் கட்டும் முன் கேட்க வேண்டியதும், பலகை முன் கவனிக்க வேண்டியதும்

இத்தாலியில் பாஸ்தா வகுப்புக்குப் பணம் கட்டும் முன் ஒன்றை மட்டும் எழுதிக் கேட்டுவிடுங்கள்: ஆளுக்கொரு பலகை, ஆளுக்கொரு மாவு உண்டா? செய்முறைக் குறிப்பு எங்கும் கிடைக்கும். எவ்வளவு பிசைந்தால் போதும், மாவு எப்போது இளகுகிறது, எந்த மெல்லிசில் நிறுத்தலாம் என்பதெல்லாம் விரலுக்குத் தெரிய வேண்டிய விஷயம். பணம் கொடுப்பது அதற்குத்தான். பத்துப் பன்னிரண்டு பேருக்கு ஒரே உருண்டையைப் பிசைந்து, ஆளுக்கு இரண்டு சுற்று மெஷின் கைப்பிடியைச் சுற்றவிட்டு, போட்டோ எடுத்து அனுப்பிவிடும் வகுப்புகளும் நிறைய இருக்கின்றன. அங்கே சாப்பாடு நன்றாகவே இருக்கும். ஊருக்குத் திரும்பித் தனியாகச் செய்யும்போதுதான் கை ஒன்றும் கற்கவில்லை என்பது தெரியும்.

ரோம், ஃப்ளோரன்ஸ், போலோனியா போன்ற ஊர்களில் குழு வகுப்புக்குப் பெரும்பாலும் ஆளுக்கு 60 முதல் 120 யூரோ வரை ஆகிறது. சுமார் மூன்று மணி நேரம். செய்ததை உட்கார்ந்து சாப்பிடுவதும் அதில் அடக்கம். சந்தைக்கு அழைத்துப் போவதும் சேர்ந்திருந்தால் நேரமும் விலையும் கூடும். ஆகஸ்ட் 15 இத்தாலியில் பெரிய விடுமுறை நாள். அதை ஒட்டிய வாரங்களில் பலர் ஊரிலேயே இருக்க மாட்டார்கள் என்பதால் முன்பே பேசிவைப்பது நல்லது.

எந்த ஊரோ அந்த ஊர் பாஸ்தாவைக் கற்பதுதான் சரி. வடக்கே எமிலியா-ரொமாஞ்ஞா பகுதியில், அதாவது போலோனியா, மோதெனா பக்கம், மென்மையாக அரைத்த '00' மாவும் முட்டையும் சேர்த்துப் பெரிய தகடாக விரிப்பார்கள். அந்தத் தகட்டுக்கு ஸ்ஃபோலியா என்று பெயர். தெற்கே பாரி பக்கம் முட்டையே கிடையாது; டூரம் என்னும் கடினமான கோதுமையை இரண்டாம் முறை அரைத்த செமோலாவும் வெதுவெதுப்பான நீரும்தான். அதிலிருந்துதான் சின்னக் கிண்ணம்போல் குழிந்த ஒரெக்கியெத்தே வருகிறது. தொஸ்கானாவில் கையால் திரிக்கும் பீச்சி, லிகூரியாவில் பெஸ்தோ என்னும் துளசி சாஸோடு சேரும் த்ரோஃபியே, பியெமோந்தேயில் மஞ்சள் கருவை அள்ளிக்கொட்டிச் செய்யும் தயரீன். ரோமில் நடக்கும் வகுப்புகள் பெரும்பாலும் நாடாபோல் வெட்டும் ஃபெத்துச்சீனே, உள்ளே அடைத்து மூடும் ரவியோலி என்று நிற்கும். முதல்முறை என்றால் போலோனியாவையே சொல்வேன். விரிக்கும் கலை அங்கேதான் முழுசாக உயிரோடு இருக்கிறது.

சைவம் சாப்பிடுகிறவர்கள் இங்கே கொஞ்சம் கவனமாக இருக்க வேண்டும். போலோனியாவின் தொர்தெல்லீனி என்னும் சிறிய அடைப்புப் பாஸ்தாவுக்குள் இருப்பது பன்றி இறைச்சியும், அதிலிருந்தே செய்யும் ப்ரொஷூத்தோ, மொர்ததெல்லாவும். அது வேகும் சாறும் இறைச்சிச் சாறுதான். அதையே கொஞ்சம் பெரிதாக மடித்து ரிக்கோத்தா என்னும் மென்மையான பாலாடைக்கட்டியை அடைத்தால் தொர்தெல்லோனி. அதைக் கேட்டுப் பெறலாம். பர்மிஜானோ ரெஜ்ஜானோ பாலாடைக்கட்டியில் பாலைத் திரிக்கச் சேர்ப்பது கன்றின் இரைப்பையிலிருந்து எடுக்கும் ரென்னெட். அதுவும் வேண்டாம், முட்டையும் வேண்டாம் என்றால் பாரி வகுப்பு பொருத்தமானது. அங்கேயும் ஒரெக்கியெத்தேயோடு சேரும் கீரைக் குழம்பில் நெத்திலி விழும் என்பதால் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். கோதுமை ஒவ்வாமை உள்ளவர்கள் சாதாரண வகுப்புக்குள் கால் வைக்கவே வேண்டாம். அறை முழுக்க மாவுத் தூசு பறக்கும்.

இனி முட்டை மாவு. கணக்கு எளிது: ஒரு முட்டைக்கு 100 கிராம் '00' மாவு. ஓடு நீக்கினால் முட்டை சுமார் 50 முதல் 55 கிராம் வரும். அதற்குத்தான் இந்தக் கணக்கு. முட்டை பெரிதும் சிறிதுமாக இருந்தால் கணக்கு உதைக்கும். அதனால் மாவில் பத்தில் ஒரு பங்கை ஓரமாக எடுத்துவைத்துவிட்டுத் தொடங்க வேண்டும். இறுகிய மாவை இளக வைப்பது கஷ்டம், இளகிய மாவை இறுக்குவது சுலபம். போலோனியா முறையில் மாவில் உப்பும் எண்ணெயும் சேர்ப்பதில்லை. இரண்டு பேருக்கு 200 கிராம் மாவு, இரண்டு முட்டை போதும்.

மோதிரம், வளையலைக் கழற்றிவிடுங்கள். மரப்பலகையில் மாவைக் குவித்து நடுவில் அகலமாகக் குழி பறிக்க வேண்டும். குழி குறுகலாக இருந்தால் முதல் சுற்றிலேயே கரை உடைந்து முட்டை பலகையில் ஓடும். ஓடினால் பதறாமல் கையில் இருக்கும் சுரண்டியால் வெளியிலிருந்து உள்ளே வழித்து மாவுக்குள் தள்ளிவிடலாம். முள்கரண்டியால் முட்டையை அடித்து, உட்பக்கச் சுவரிலிருந்து கொஞ்சம் கொஞ்சமாக மாவை இழுத்துக்கொள்ள வேண்டும். கூழ் கெட்டியானதும் கையால் சேர்க்கலாம்.

முதல் ஐந்து நிமிடம் மாவு கையில் ஒட்டும், ஒழுங்கே இல்லாமல் பிய்ந்து நிற்கும். பெரும்பாலானோர் மாவைக் கெடுப்பது இந்த இடத்தில்தான். ஒட்டுகிறதே என்று பயந்து கைநிறைய மாவைத் தூவுவார்கள். உண்மையில் மாவு அப்போதுதான் ஈரத்தைக் குடித்துக்கொண்டிருக்கிறது. பொறுத்தால் தானே சேரும். அவசரப்பட்டுத் தூவிய மாவுதான் பிறகு கல்லாக இறுகி விரிய மறுக்கிறது. இன்னொன்று: பலகையில் காய்ந்து கிடக்கும் துணுக்குகளைச் சுரண்டி எறிந்துவிட வேண்டும், உருண்டைக்குள் சேர்க்கக் கூடாது. அவை கரையாமல் கிடந்து, விரிக்கும்போது அந்த இடத்தில் ஓட்டை விழும்.

பிசைவது உள்ளங்கையின் அடிப்பகுதியால். முன்னே தள்ளி, உங்கள் பக்கமாக மடித்து, கால் சுற்று திருப்பி, மறுபடி தள்ள வேண்டும். தோளிலிருந்து உடம்பு எடை இறங்கட்டும்; விரலால் அழுத்தினால் சீக்கிரம் சோர்ந்துவிடுவீர்கள். பலகை முழங்கைக்குக் கீழே இருந்தால்தான் இது சாத்தியம், உயரம் போதாதவர்கள் முக்காலி கேட்கலாம். பத்து முதல் பதினைந்து நிமிடத்தில் மேற்பரப்பு வழவழப்பாகி, தொட்டால் காது மடலைப் போல மெத்தென்று இருக்கும். விரலால் அழுத்தினால் குழி மெதுவாக மேலெழ வேண்டும். உடனே துள்ளி எழுந்தால் அது இன்னும் இறுக்கமாகத்தான் இருக்கிறது.

அடுத்து ஓய்வு. மூடிய கிண்ணத்திலோ பிளாஸ்டிக் உறையிலோ சாதாரண அறை வெப்பத்தில் அரை மணி நேரம். பிசையும்போது முறுக்கேறிய குளூட்டன் (கோதுமைப் புரதம்) இழைகள் அந்த நேரத்தில் தளர்ந்துவிடும். ஓய்வில்லாத மாவை எவ்வளவு விரித்தாலும் சுருங்கித் திரும்பும். வகுப்புகளில் இந்த இடைவெளியில் உள்ளடைப்போ தீரமிசு என்னும் இனிப்போ செய்ய வைப்பார்கள். அது நல்ல பழக்கம்தான். ஆனால் நேரம் போதாமல் பத்து நிமிடத்தில் விரிக்கச் சொன்னால், இன்னும் கொஞ்சம் விட்டுவைக்கலாமா என்று கேட்கத் தயங்க வேண்டாம்.

விரிப்பதற்கு மத்தரெல்லோ என்னும் நீள மர உருளை வேண்டும். கைப்பிடியே இல்லாமல் எண்பது செண்டிமீட்டருக்கு மேல் நீண்டிருக்கும். இதில் விரிப்பவர்களை ஸ்ஃபோலீனா என்பார்கள். அவர்கள் கையைப் பார்ப்பதுதான் வகுப்பின் சாரம். முதலில் உள்ளங்கையால் தட்டையாக்கி, நடுவிலிருந்து வெளியே தள்ளி, கால் சுற்று திருப்பி, மறுபடி தள்ளுகிறார்கள். சாப்பாட்டுத் தட்டு அளவு வந்ததும் முறை மாறும். தூரத்து ஓரத்தை உருளையில் சுற்றி உங்கள் பக்கம் உருட்டிக்கொண்டே, இரண்டு கைகளையும் உருளையின் நடுவிலிருந்து முனைகளுக்கு நழுவ விடுவார்கள். அழுத்தம் கீழ்நோக்கி இல்லை, பக்கவாட்டில் இருக்கிறது. பிறகு பிரித்து, கொஞ்சம் திருப்பி, மறுபடி சுற்றல். தகடு பெரிதானதும் அதன் ஒரு பகுதியைப் பலகையின் விளிம்புக்கு வெளியே தொங்க விடுவார்கள். அதன் எடையே மாவை இழுத்து மெலிய வைக்கும்.

தவறுகள் இரண்டு விதம். கீழே அழுத்தி அழுத்தி உருட்டுவதால் நடுப்பகுதி கிழிவது ஒன்று. உருளை விளிம்பைத் தாண்டும் முன்பே தூக்கிவிடுவதால் ஓரம் தடித்துப்போவது இன்னொன்று. ஓரத் தடிப்பு கண்ணில் படாது. வேகவைத்த பிறகு நடுப்பகுதி குழைந்து ஓரம் மாவாகக் கடிபடும்போதுதான் தெரியும். தூவும் மாவு அதிகமானால் தகடு பலகையில் வழுக்கும். மரத்தோடு லேசான பிடிப்பு இருந்தால்தான் விரியும். ஏசி காற்றும் விசிறியும் நேராகப் படும் இடத்தில் நின்றால் ஓரம் உலர்ந்து விரிசல் விடும், இடம் மாறிக்கொள்ளுங்கள். நாடாபோல் வெட்டும் தாலியாதெல்லேக்குத் தகடு ஒரு மில்லிமீட்டருக்கும் சற்றுக் குறைவாக இருக்கட்டும். அடைப்புப் பாஸ்தாவுக்கு அதைவிட மெல்லிசாக, கீழே வைத்த கையின் நிழல் தெரியும் அளவுக்கு வேண்டும்.

மெஷின் வேண்டாம் என்று சொல்ல மாட்டேன். ஆனால் மரம் தகட்டில் ஒரு சொரசொரப்பை விட்டுவைக்கும், சாஸ் அதில் பிடித்து நிற்கும். மெஷினின் எஃகு உருளை வழவழப்பாக்கிவிடும். மெஷின் பயன்படுத்தினால் உருளைகளின் இடைவெளி அகலமான நிலையில் செலுத்தி மூன்றாக மடித்து மறுபடி செலுத்துவதை நாலைந்து முறை செய்த பிறகே குறுகலான நிலைக்குப் போக வேண்டும். ஓரம் பிசிறடித்தால் மாவு வறண்டிருக்கிறது. உருளையில் ஒட்டினால் ஈரம் அதிகம்.

தாலியாதெல்லே வெட்ட அவசரப்படக் கூடாது. விரித்த தகட்டைத் திறந்தபடி பத்துப் பதினைந்து நிமிடம் விடுங்கள். மேற்பரப்பு தோல்போல உலர்ந்து, மடித்தால் உடையாமலும் ஒட்டாமலும் இருக்க வேண்டும். சீக்கிரம் வெட்டினால் இழைகள் ஒன்றோடொன்று ஒட்டிக் கட்டியாகும், தாமதமானால் மடிப்பில் நொறுங்கும். தளர்வாகச் சுருட்டிக் கத்தியால் வெட்டி, உடனே உதறிப் பிரித்துவிட வேண்டும். அகலத்துக்குப் போலோனியாவில் பதிவே இருக்கிறது: 1972 ஏப்ரல் 16 அன்று அந்நகர வர்த்தக சபையில் பதிவான அளவுப்படி, வெந்த பிறகு தாலியாதெல்லே 8 மில்லிமீட்டர் இருக்க வேண்டும். நகரின் அசினெல்லி கோபுர உயரத்தில் 12,270-இல் ஒரு பங்கு என்று கணக்கும் சொல்வார்கள். பச்சையாக வெட்டும்போது ஏழு மில்லிமீட்டருக்குள் வைத்தால் சரியாக வரும். வெட்டியதில் '00' மாவைத் தூவாமல் செமோலாவைத் தூவுங்கள். மெல்லிய மாவு ஈரத்தில் கரைந்து பசையாகிவிடும், செமோலா மணல் மாதிரி தனித்து நிற்கும்.

அடைப்புப் பாஸ்தாவுக்கு எதிர்மாறு: உலரவே விடக் கூடாது. ஒரு பகுதியை வெட்டி அடைக்கும்போது மீதித் தகடு மூடியே இருக்கட்டும். விளிம்பு உலர்ந்தால் ஒட்டாது. ரிக்கோத்தாவை முந்தைய இரவே வடிகட்டியில் வைத்து நீர் வடிய விட்டிருக்கிறார்களா என்று கேளுங்கள். நீர்த்த அடைப்பு மாவை ஊறவைத்துக் கிழிக்கும். ரவியோலியை மூடும்போது அடைப்பைச் சுற்றி விரலால் ஒற்றி, காற்றை முழுசாக வெளியேற்ற வேண்டும். உள்ளே சிக்கிய காற்று கொதிநீரில் விரிந்துதான் வெடிக்கிறது.

பாரியில் உருளைக்கே வேலை இல்லை. 100 கிராம் செமோலாவுக்கு 50 கிராம் வெதுவெதுப்பான நீர். பிசைய இது கடினமான மாவு, தோள் வலிக்கும். விரல் தடிமனில் கயிறாக உருட்டி, ஒரு செண்டிமீட்டர் துண்டுகளாக வெட்டி, முனை மழுங்கிய சாப்பாட்டுக் கத்தியால் ஒவ்வொன்றையும் பலகையில் அழுத்தி உங்கள் பக்கம் இழுக்க வேண்டும். துண்டு சுருண்டு கத்தியில் ஏறும். அதைக் கட்டைவிரல் நுனியில் கவிழ்த்தால் குழிந்த கிண்ணம், சொரசொரப்பு வெளிப்பக்கம். சுருளாமல் வழுக்கினால் பலகையில் மாவு அதிகம், துடைத்துவிடுங்கள். கத்தியில் அப்பிக்கொண்டால் மாவில் நீர் அதிகம். பழைய பாரியில் ஆர்கோ பாஸ்ஸோ பக்கத்துச் சந்தில் பெண்கள் வீட்டு வாசலில் மேசை போட்டு இதைச் செய்வார்கள். வகுப்புக்கு முந்தைய நாளே போய்ப் பார்த்துவிட்டால், கத்தி சாயும் கோணம் கண்ணில் பதிந்திருக்கும்.

வேகவைக்க 100 கிராம் பாஸ்தாவுக்கு ஒரு லிட்டர் நீர், 10 கிராம் உப்பு. புதுத் தாலியாதெல்லே இரண்டு மூன்று நிமிடத்தில் வெந்துவிடும். ஒரெக்கியெத்தே தடிமன் என்பதால் கூடுதல் நேரம் எடுக்கும், ஒன்றை எடுத்துக் கடித்துப் பாருங்கள். ரவியோலிக்கு நீர் துள்ளிக் கொதிக்கக் கூடாது, மெதுவாகக் கொதிக்கட்டும்.

மீந்த முட்டைப் பாஸ்தாவைப் பெட்டியில் போட்டுக் கொடுத்தால் குளிர்சாதனப் பெட்டி உள்ள தங்குமிடத்துக்கு நேராக எடுத்துப் போய் மறுநாளைக்குள் முடித்துவிடுங்கள். ரயிலில் வைத்துக்கொண்டு அலைய வேண்டாம். மத்தரெல்லோ வாங்கினால் அதைக் கைப்பையில் கொண்டுபோக முயல வேண்டாம், சோதனையில் நிறுத்துவார்கள். செக்-இன் பெட்டியின் உள்நீளத்தை அளந்துகொண்டு அதற்கேற்ற உருளையாகப் பார்த்து வாங்குங்கள். பயன்படுத்திய பிறகு உருளையையும் பலகையையும் சோப்புப் போட்டுக் கழுவவோ நீரில் ஊறவிடவோ கூடாது. உலர்ந்த மாவைச் சுரண்டி, லேசாக ஈரமான துணியால் துடைத்து, நிமிர்த்தி வைத்துக் காயவிடுங்கள். நீரில் ஊறிய மரம் வளையும். வளைந்த உருளையில் தகடு ஒரே சீராக வராது.