லொரேத்து மாதாவின் வாசற்படியில்

ரோமுக்குத் திருப்பயணம் போகிற நம்மவர்கள் பெரும்பாலும் நான்கு பெரிய பேராலயங்களையும் பார்த்துவிட்டு, புதன்கிழமை திருத்தந்தையைத் தூரத்திலிருந்து தரிசித்துவிட்டு, கொலோசியம் முன்னால் நின்று படம் எடுத்துக்கொண்டு ஊர் திரும்பிவிடுகிறார்கள். பியாஸ்ஸா நவோனா சதுக்கத்துப் பக்கம் போகிறவர்கள் அங்கிருந்து சில நிமிட நடையில் இருக்கிற புனித அகுஸ்தினார் ஆலயத்துக்கும் அவசியம் போய்வர வேண்டும், முடிந்தால் கையில் செபமாலையோடு. உள்ளே நுழைந்ததும் இடது பக்கம் முதல் சிற்றாலயத்தில், பீடத்துக்கு மேலே, இத்தாலிய ஓவியர் கரவாஜ்ஜோ வரைந்த லொரேத்து மாதா இருக்கிறார். ஏதோ ஒரு அருங்காட்சியகத்துக்குத் தூக்கிப்போகாமல், எந்தப் பீடத்துக்காக வரைந்தாரோ அதே பீடத்தில் நானூறு வருஷத்துக்கு மேலாக இருக்கிற படம் அது.

ஆலயமே ஒரு நாள் பார்க்கத் தகுந்தது. 1483-இல் முடிந்த வெள்ளைக் கல் முகப்பு, ஏறிப் போகப் படிகள். உள்ளே புனித மோனிக்காவின் கல்லறை. மகன் அகுஸ்தினார் மனம் திரும்ப வேண்டும் என்று வருஷக்கணக்காக அழுது செபித்த தாய் என்று நம் வீடுகளில் சொல்லிச் சொல்லி வளர்த்தார்களே, அவரேதான். ஒரு தூணில் ரபாயேல் வரைந்த எசாயா இறைவாக்கினர். வாசலுக்குப் பக்கத்திலேயே யாக்கொப்போ சான்சொவீனோ செதுக்கிய பேறுகால மாதா. கர்ப்பிணிகளும் பிள்ளை வரம் கேட்கிறவர்களும் இங்கேதான் வருகிறார்கள். சுற்றிலும் நீல ரிப்பன், ரோஸ் ரிப்பன், பிறந்த குழந்தைகளின் போட்டோக்கள். முத்தமிட்டு முத்தமிட்டுத் தேய்ந்துபோன ஒரு பாதத்துக்கு வெள்ளிக் கவசம் போட்டிருக்கிறார்கள். நான் போயிருந்தபோது அங்கே ஒரு பெண் வயிற்றில் கைவைத்துக்கொண்டு ரொம்ப நேரம் அப்படியே நின்றார். கூட வந்த மாமியாரோ அம்மாவோ, மெழுகுவர்த்தி ஏற்றிவிட்டு ஓரமாய்க் காத்திருந்தார்.

அப்புறம் அந்தப் படம். சிற்றாலயம் இருட்டாகத்தான் இருக்கும். பக்கத்தில் இருக்கும் பெட்டியில் நாணயம் போட்டால் விளக்கு எரியும், கொஞ்ச நேரத்தில் அணைந்துவிடும்.

லொரேத்து என்றால் என்ன என்று முதலில் சொல்லிவிடுகிறேன். நாசரேத்தில் மாதா வாழ்ந்த வீட்டை வானதூதர்கள் தூக்கிக்கொண்டு வந்து, 1294-இல் இத்தாலியின் கிழக்குக் கரையில் லொரேத்துவில் இறக்கிவைத்தார்கள் என்பது பாரம்பரியம். அந்தச் சின்ன வீட்டைச் சுற்றிப் பளிங்குச் சுவர் எழுப்பி, அதற்கும் மேலே பெரிய ஆலயம் கட்டியிருக்கிறார்கள். திருப்பயணிகள் முழங்காலிலேயே அந்த வீட்டைச் சுற்றிவந்து சுற்றிவந்து கீழே உள்ள பளிங்குப் படியில் பள்ளமே விழுந்திருக்கிறது. அதனால் லொரேத்து மாதா படம் என்றாலே அந்தக் காலத்தில் ஒரே மாதிரிதான் வரைவார்கள்: பறக்கிற வீடு, அதன் கூரைமேல் குழந்தையோடு மாதா, தாங்கிப் பிடிக்கிற வானதூதர்கள், கீழே மேகம்.

கரவாஜ்ஜோ இதில் ஒன்றைக்கூட வரையவில்லை. ஒரு வீட்டு வாசல், கல் நிலை, பக்கத்துச் சுவரில் காரை உதிர்ந்து செங்கல் தெரிகிறது. வாசற்படியில் மாதா வெறுங்காலோடு நிற்கிறார், நிலையில் லேசாகச் சாய்ந்தபடி. இடுப்பில் குழந்தை இயேசு, கைக்குழந்தை என்று சொல்ல முடியாத அளவுக்கு வளர்ந்த, கனமான பிள்ளை. அந்தக் கனத்தைத் தாங்குகிற தாயின் விரல்கள் பிள்ளையின் உடம்பில் அழுந்தியிருப்பதைப் பார்க்கலாம். எதிரே ஒரு ஆணும் வயதான ஒரு பெண்ணும் கைகூப்பி முழந்தாட்படியிட்டிருக்கிறார்கள், தோளில் சாய்த்த கைத்தடியோடு. அவர்கள் முகம் நமக்குப் பாதிதான் தெரிகிறது. நமக்கு முழுதாகத் தெரிவது அந்த மனிதரின் உள்ளங்கால்கள். அழுக்கேறி, வீங்கி, நடந்து நடந்து தடித்த உள்ளங்கால்கள், படத்தின் கீழ்ப் பகுதியில், நம்மைப் பார்த்து.

இந்த இடத்தில்தான் இது பீடத்துக்காக வரைந்த படம் என்பது புரிகிறது. படம் இரண்டரை மீட்டருக்கு மேல் உயரம். நின்று பார்த்தால் மாதாவின் முகம் முதலில் கண்ணில் படும். முழந்தாட்படியிட்டுப் பாருங்கள், எல்லாம் மாறிவிடும். அந்தப் பாதங்கள் முன்னால் வந்துவிடும், நாம் அந்த இரண்டு பேருக்குப் பின்னால் வரிசையில் மூன்றாவது ஆளாக இருப்போம். அந்தக் காலத்தில் குருவானவர் பீடத்தை நோக்கி நின்றுதான் பூசை வைப்பார். அவர் நற்கருணையை உயர்த்திப் பிடிக்கும்போது அவர் கண்ணுக்கு நேராகத் தெரிந்தது அந்த ஏழையின் பாதங்கள்தான். ஆயர்கள் கூடிய திரெந்து பொதுச்சங்கம் 1563-இல் ஆலயத்துப் படங்கள் மக்களுக்குக் கற்பிக்க வேண்டும், பக்தியைத் தூண்ட வேண்டும் என்று சொன்னது. அதை எத்தனையோ ஓவியர்கள் பொன்னாலும் மேகத்தாலும் செய்து பார்த்தார்கள். இவர் இரண்டு பாதங்களால் செய்திருக்கிறார் என்பேன்.

செப்டம்பர் 8 திருவிழாவுக்கு வேளாங்கண்ணிக்கு நடந்து போகிறவர்களின் கால்களைப் பார்த்தவர்களுக்கு இந்தப் படம் அந்நியமாகவே இருக்காது.

பாதங்களைக் கரவாஜ்ஜோ சும்மா நடுவில் கொண்டுவரவில்லை. இந்தச் சிற்றாலயம் கவல்லெத்தி குடும்பத்துடையது. 1602-இல் இறந்த எர்மெத்தே கவல்லெத்தி, லொரேத்து மாதாவுக்கு ஒரு சிற்றாலயம் அமைக்கச் சொல்லி உயிலில் 500 ஸ்கூதி (அந்தக் காலத்து நாணயம்) எழுதிவைத்தார். அவர் சேர்ந்திருந்த திருப்பயணிகளின் மூவொரு கடவுள் சபை, ரோமுக்கு வருகிற ஏழைப் பயணிகளுக்கு இடமும் சாப்பாடும் கொடுத்து, அவர்களின் கால்களைக் கழுவிவிடுவதையே பக்தியாகச் செய்துவந்தது. புனித பிலிப் நேரி தொடங்கிய சபை. 1600 யூபிலி வருஷத்தில் ரோமுக்கு வந்த கூட்டத்தில் எத்தனை கால்களை அவர்கள் கழுவியிருப்பார்கள்!

படம் பீடத்தில் ஏறியதும் பெரிய சலசலப்பு என்று ஜொவான்னி பாலியோனே எழுதிவைத்திருக்கிறார். ஒருவனுக்குச் சேறான கால், ஒருத்திக்குக் கிழிந்த அழுக்குத் தொப்பி, இதையெல்லாம் வைத்து ஜனங்கள் கூச்சல் போட்டார்களாம். இவரும் ஓவியர், கரவாஜ்ஜோமேல் 1603-இல் அவதூறு வழக்குப் போட்டவர், ஆகவே இதைக் கொஞ்சம் யோசித்துத்தான் படிக்க வேண்டும். கூச்சல் என்றால் அது கோபக் கூச்சலாகத்தான் இருக்க வேண்டுமா? தன்னைப் போன்ற ஒருவனைப் பீடத்தில் பார்த்த ஏழை ஜனங்கள் சந்தோஷத்தில் பேசிப் பேசித் தீர்த்திருக்கலாம் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. ஏனென்றால் கரவாஜ்ஜோவின் மற்ற இரண்டு மாதா படங்களுக்கு நடந்தது வேறு. புனித பேதுரு பேராலயத்துக்கு வரைந்ததைச் சீக்கிரமே எடுத்துவிட்டார்கள், அது இப்போது போர்கேசே காட்சியகத்தில். 'மாதாவின் மரணம்' என்ற படத்தைக் கார்மேல் துறவிகள் வேண்டாம் என்றார்கள், அது பாரிஸ் லூவர் அருங்காட்சியகத்தில். இந்த லொரேத்து மாதாவை மட்டும் யாரும் இறக்கவில்லை.

வெளிச்சத்தைப் பற்றிச் சொல்லாமல் இருக்க முடியாது. இடது பக்கம் மேலிருந்து வருகிறது. மாதாவின் கழுத்திலும் பிள்ளையின் உடம்பிலும் முழுதாக விழுந்து, கூப்பிய கைகளைத் தொட்டுவிட்டுக் கீழே பாதங்களில் வந்து நிற்கிறது. மற்றதெல்லாம் பழுப்பும் கறுப்பும். கரவாஜ்ஜோ முன்கூட்டிப் பென்சில் படம் போட்டுவைத்து வரைகிறவர் இல்லை. ஆட்களை எதிரே நிறுத்தி, கறுத்த பூச்சுமேல் நேராக வரைவார், நிழலான இடங்களில் அந்தப் பூச்சையே பல சமயம் அப்படியே விட்டுவிடுவார். மாதாவின் தலைக்கு மேல் மெல்லிய ஒளிவட்டம் இருக்கிறது, தேடினால்தான் தெரியும். மாதாவின் பாதங்களோ பின்னிக்கொண்டு நுனியில் ஊன்றியிருக்கின்றன, உடம்பின் பாரம் படியில் இறங்காத மாதிரி. வீட்டைத் தூக்கிவந்த அற்புதத்தைக் கரவாஜ்ஜோ வைத்திருப்பது அந்த நுனிக்காலில்தான் என்று நினைக்கிறேன்.

நம் வீடுகளில் செபமாலை முடிந்ததும் சொல்கிற மாதா மன்றாட்டுமாலைக்கு லொரேத்து மன்றாட்டுமாலை என்றுதான் பெயர், 1587-இல் ஐந்தாம் சிக்ஸ்துஸ் பாப்பரசர் அங்கீகரித்தது. சிறு வயதிலிருந்து தூக்கக் கலக்கத்தில் வேகமாகச் சொல்லிப் பழகிய வரிகள். அங்கே மெதுவாகச் சொன்னேன். "பரலோகத்தினுடைய வாசலே" என்று வந்தபோது எதிரே மாதா வாசலில்தான் நின்றார், சாத்திய கதவு இல்லை, காவல் இல்லை, பிள்ளை அந்த இரண்டு பேருக்கும் ஆசீர் கொடுக்கக் கையை நீட்டிக்கொண்டிருந்தது. "எங்களுக்காக வேண்டிக்கொள்ளும்" என்ற பதிலைச் சத்தமாகவே சொல்லிவிட்டேன்.

போகிறவர்களுக்குச் சில விஷயங்கள். மதியம் மூடிவிடுவார்கள், காலையிலோ சாயங்காலமோ போங்கள். சில்லறை நாணயங்கள் கொண்டுபோங்கள். திருப்பலி நடக்கும்போது படம் பார்க்க நகராமல் பூசையில் உட்காருங்கள், முடிந்ததும் நிதானமாகப் பார்க்கலாம். பக்கத்துத் தெருவிலேயே பிரெஞ்சுக்காரர்களின் புனித லூயிஸ் ஆலயம், அங்கே இதே கரவாஜ்ஜோவின் புனித மத்தேயு படங்கள் மூன்று இருக்கின்றன. நேரம் இருந்தால் வடக்கே சாந்தா மரியா தெல் பொப்போலோவுக்கும் நடந்து போங்கள். அங்கே பேதுருவின் சிலுவையைத் தோள்கொடுத்துத் தூக்குகிற ஆளின் உள்ளங்காலும் இப்படியேதான் அழுக்காக இருக்கும்.