சொதி வைத்த கைக்குக் கிறீம் பாஸ்தா

ரொறன்ரோவின் ஸ்காபரோ பகுதி அடுக்குமாடியில் குடியேறிய முதல் வாரம். அடுப்பில் சட்டி சூடேறி, பேக்கன் என்னும் உப்பிட்ட பன்றி இறைச்சித் துண்டு விழுந்து இரண்டு நிமிடம்கூட ஆகியிராது. கூரையில் ஒட்டியிருக்கும், புகையை அறிவிக்கும் வெள்ளைத் தட்டு காது கிழிய அலறத் தொடங்கும். பிள்ளைகள் காதைப் பொத்துவார்கள். ஒருவர் கதிரையில் ஏறித் துவாயால் விசிறுவார், இன்னொருவர் ஓடிப்போய் யன்னலைத் தள்ளுவார். யன்னல் 10 சென்டிமீட்டருக்கு மேல் திறக்காது. சின்னப் பிள்ளைகள் தவறி விழுந்துவிடாமல் இருக்க அப்படித் தடை போட்டிருக்கிறார்கள். ஊரில் குசினி ஓட்டிடுக்கால் புகை எழும்பினால், அந்த வீட்டில் உலை வைத்தாயிற்று என்று அயலட்டை அறிந்துகொள்ளும். இங்கே அதே புகைக்கு அபாயச் சங்கு ஊதுகிறது.

அந்த அலறலை நிறுத்தும் வழி சட்டியில்தான் இருக்கிறது. அதற்கு முன், ஏன் பாஸ்தா என்பது. டிசம்பரில் ரொறன்ரோவில் மாலை 4.40க்கே சூரியன் போய்விடும். வேலையால் வந்து சப்பாத்தையும் குளிர் அங்கியையும் கழற்றி வைக்கும்போது நடுச்சாமம் போல இருட்டியிருக்கும். அந்த நேரத்தில் மா குழைத்து இடியப்பம் பிழிய எவருக்கும் கை வராது. பள்ளிக்கூடத்தில் பக்கத்துப் பிள்ளை கொண்டுவந்ததைப் பார்த்த பிள்ளைகளும் பாஸ்தாதான் கேட்பார்கள். பேக்கனும் மரக்கறியும் கிறீமும் சேர்ந்த பாஸ்தா, வெட்டத் தொடங்கியதிலிருந்து தட்டுக்கு வர 30 நிமிடம். இந்த ஊருக்குப் பழகிவிட்டோம் என்று சொல்லிக்கொள்ளக்கூடிய சாப்பாடு அது. சமைக்கச் சமைக்க, கை போகிற வழியெல்லாம் பழைய வழியாகவே இருக்கும்.

நாலு பேருக்கு அளவு இது. பெனே அல்லது ஃபுசிலி வகைப் பாஸ்தா 350 கிராம். பேக்கன் 375 கிராம் பக்கற்றில் பாதி. காளான் 227 கிராம் பெட்டி ஒன்று. புரொக்கோலி ஒரு பூ. உறைய வைத்த பச்சைப் பட்டாணி ஒரு கப். உள்ளி நாலு பல்லு. 35 வீதக் கொழுப்புள்ள கிறீம், 237 மில்லிலீற்றர் சின்னப் பெட்டி முழுவதும். பார்மசான் சீஸ் 60 கிராம், கட்டியாக வாங்கி நீங்களே துருவியது. மிளகு ஒரு தேக்கரண்டி, எலுமிச்சை பாதி. ஏற்கெனவே துருவித் தூளாக விற்பதில், ஒட்டாமல் இருக்கச் செல்லுலோஸ் சேர்ப்பார்கள். அது சட்டியில் நன்றாக உருகாமல் மணல் மணலாக நிற்கும். பாஸ்தாவுக்கு அஞ்சத் தேவையில்லை, அதுவும் ஒருவகை ரவைதான். டியூரம் என்னும் கெட்டிக் கோதுமையின் ரவையைப் பிசைந்து அச்சில் பிழிந்து காயவைப்பது. கனடாவின் டியூரம் பெரும்பாலும் சஸ்காச்சுவான் மாகாணத்தில் விளைகிறது. இத்தாலிக்காரரே அதை இறக்குமதி செய்கிறார்கள்.

பேக்கன் வாங்கும்போது பெயரில் ஏமாற வேண்டாம். இங்கிலாந்திலிருந்து வந்தவர்களுக்குப் பேக்கன் என்றால் முதுகு இறைச்சி. இங்கே கடையில் அந்தப் பெயரில் அடுக்கியிருப்பது பெரும்பாலும் வயிற்று இறைச்சி, வெள்ளையும் சிவப்பும் கோடு கோடாக இருக்கும். இந்தச் சமையலுக்கு அதுதான் வேண்டும். ரொறன்ரோவின் சொந்தச் சரக்கு பீமீல் பேக்கன்: உப்பு நீரில் ஊறிய முதுகுத் துண்டு, மஞ்சள் சோளமாவில் உருட்டியது. முந்தி அதை உருட்டியது மஞ்சள் பட்டாணி மாவில், பெயர் அதனால்தான் வந்தது. 19ஆம் நூற்றாண்டில் வில்லியம் டேவிஸின் பன்றி இறைச்சித் தொழிற்சாலை இங்கே பெருத்ததால் இந்த நகருக்கே பன்றிப்பட்டணம் என்ற பட்டப்பெயர் ஒட்டியது. சென்ற் லோறன்ஸ் சந்தையில் பீமீலைப் பாணுக்குள் வைத்துச் சாப்பிட மிக நன்று. கிறீம் பாஸ்தாவுக்கு உதவாது, கொழுப்பு உருகி வராது.

பன்றி சாப்பிடாத வீடுகளுக்கு வான்கோழி பேக்கனும் மாட்டுப் பேக்கனும் கிடைக்கின்றன. வான்கோழியில் கொழுப்புக் குறைவு. ஒரு மேசைக்கரண்டி எண்ணெய் விட்டுத் தொடங்காவிட்டால் சட்டியில் ஒட்டிக் கருகும். வெள்ளிக்கிழமை மரக்கறி வீடுகள் பேக்கனை விட்டுவிட்டு, காளானை இரண்டு மேசைக்கரண்டி பட்டரில் நன்றாகச் சிவக்க வதக்கினால் போதும். ஆனால் அசல் பார்மசான் கன்றுக்குட்டியின் இரைப்பை நொதியம் கொண்டு உறைய வைப்பது. விரதம் கடுமையாகப் பிடிப்பவர்கள், நுண்ணுயிர் நொதியம் என்று எழுதியிருக்கும் சீஸைப் பார்த்து எடுங்கள்.

இனி அந்த அலறல். பேக்கனைச் சூடான சட்டியில் போடக்கூடாது. ஒரு விரல் அகலத் துண்டுகளாக வெட்டி, குளிர்ந்த சட்டியில் பரப்பி, மூன்று மேசைக்கரண்டி தண்ணீர் விட்டு, நடுத்தரத்துக்குக் கீழான சூட்டில் வையுங்கள். தண்ணீர் இருக்கும்வரை சூடு 100 பாகையைத் தாண்டாது. அதற்குள் கொழுப்பு மெல்ல உருகி வெளியே வந்துவிடும். தண்ணீர் வற்றியபின் தன் கொழுப்பிலேயே பொரியும். 12 நிமிடம் ஆகும், புகை வராது, தெறிப்பும் குறைவு. சூட்டுச் சட்டியில் போட்டால், கொழுப்பு உருகுமுன் இறைச்சி கருகும். கூரைத் தட்டு அலறுவது அந்தக் கருகலுக்குத்தான். அடுப்புக்கு மேலுள்ள விசிறியை நம்பியிருக்கவும் கூடாது. பல பழைய மாடிகளில் அது புகையை வெளியே அனுப்புவதில்லை, ஒரு வடிகட்டிக்குள்ளால் இழுத்துத் திரும்ப வீட்டுக்குள்ளேயே விடுகிறது.

மின்னடுப்பும் ஒரு பாடம். எரிவாயுவிலும் விறகிலும் பழகிய கை, தணித்தவுடன் சூடு தணியும் என்று நினைக்கும். சுருள் அடுப்பை அணைத்த பின்னும் பல நிமிடம் அது கொதித்துக்கொண்டிருக்கும், உள்ளி கருகுவதும் கிறீம் பொங்குவதும் அப்போதுதான். ஊரில் சூட்டைக் குறைக்க விறகை வெளியே இழுப்போம். இங்கே சட்டியையே இழுக்க வேண்டும். பக்கத்து அடுப்பை எப்போதும் வெறுமையாக வைத்திருங்கள்.

பேக்கன் பொரியும் நேரத்தில் பெரிய பானையில் 4 லீற்றர் தண்ணீர் கொதிக்கட்டும். வழக்கமாக லீற்றருக்கு 10 கிராம் உப்புப் போடுவார்கள். இதில் பேக்கனும் சீஸும் உப்பு என்பதால் மொத்தமாக 25 கிராம் போதும். பக்கற்றில் 11 நிமிடம் என்றிருந்தால் 9ஆவது நிமிடத்தில் வடியுங்கள், மிச்சம் சட்டியில் வேகும். வடிக்க மூன்று நிமிடம் இருக்கும்போது புரொக்கோலியையும், ஒரு நிமிடம் இருக்கும்போது பட்டாணியையும் அதே பானையில் போட்டுவிடலாம். வடிக்குமுன் ஒரு பெரிய கோப்பைத் தண்ணீரை அள்ளி வைக்க மறந்தால் பிறகு வழியில்லை. அது கஞ்சித் தண்ணீர் போன்றது. அதிலுள்ள மாப்பொருள்தான் கொழுப்பையும் தண்ணீரையும் பிரியாமல் பிடிக்கும். கஞ்சி வடித்து உப்புப் போட்டுக் குடித்த வீடுகளில் வளர்ந்தவர்களுக்கு அதைக் கொட்டவே மனம் வராது.

பேக்கன் மொறுமொறுப்பானதும் எடுத்து வைத்துவிட்டு, கொழுப்பில் இரண்டு மேசைக்கரண்டி மட்டும் சட்டியில் விடுங்கள். மிச்சத்தைக் கழுவுதொட்டியில் ஊற்ற வேண்டாம். குழாய்க்குள் உறைந்து அடைக்கும், மாடிவீட்டில் அந்த அடைப்புக் கீழ்வீட்டுக்காரருக்கும் சேர்த்துத்தான். வெறும் ரின்னில் ஊற்றி உறைந்தபின் எறியுங்கள். காளானை அந்தக் கொழுப்பில் போட்டு, உப்புப் போடாமல், தண்ணீர் வற்றிச் சிவக்கும்வரை விடுங்கள், ஏழெட்டு நிமிடம். உப்பு முதலில் விழுந்தால் தண்ணீர் விட்டு அவியும், சிவக்காது. பிறகு இரண்டு செத்தல் மிளகாயைக் கிள்ளிப் போட்டு, உள்ளியைச் சேர்த்து அரை நிமிடம். உறைப்பு வேண்டுமென்றால் அந்த இடத்தில்தான். மிளகாய்த்தூளைக் கடைசியில் கிறீமுக்குள் தூவினால் பச்சை வாசம் போகவே போகாது.

இந்த இடத்தில் சொதி வந்து நிற்கும். வெங்காயம், பச்சை மிளகாய், வெந்தயம், கறிவேப்பிலை எல்லாம் தேங்காயின் இரண்டாம் பாலில் அவிந்தபின் முதற்பாலை விட்டு, கை எடுக்காமல் துழாவி, நுரை கட்டும்போதே இறக்குவோம். கொதிக்க விட்டால் திரைந்துவிடும். தேசிக்காய்ப் புளி இறக்கியபின்தான். கிறீமுக்கும் அந்தப் பயமே நியாயம். பத்து வீதக் கிறீம் மலிவென்று வாங்கி இதில் விட்டால், கொதியில் அதன் புரதம் கட்டி கட்டியாகத் திரண்டு குறுணியாகும், எலுமிச்சை பட்டால் இன்னும் மோசம். கொழுப்புக் கூடி, புரதம் குறைந்த 35 வீதக் கிறீம் கொதியைத் தாங்கும். வீட்டில் இருப்பது பத்து வீதம்தான் என்றால், ஒரு மேசைக்கரண்டி கோதுமை மாவைக் கொழுப்பில் ஒரு நிமிடம் வறுத்து, கிறீமைச் சிறிது சிறிதாக விட்டுத் துழாவுங்கள். மா அதைத் திரைய விடாது. ரின் தேங்காய்ப்பாலை விட்டுப் பார்க்கும் ஆசை எல்லோருக்கும் ஒருநாள் வரும். பார்மசானோடு அது சேராது. தேங்காய்ப்பாலுக்கு அதன் கறிவேப்பிலையும் மஞ்சளும்தான் துணை.

கிறீம் விட்டு இரண்டு நிமிடம் மெல்லக் கொதித்துக் கரண்டியின் முதுகில் படிந்ததும், வடித்த பாஸ்தாவையும் மரக்கறியையும் கொட்டி, கஞ்சித் தண்ணீரில் அரைக்கோப்பை விட்டு, ஒன்றரை நிமிடம் பிரட்டுங்கள். சட்டியைக் குளிர்ந்த அடுப்புக்கு இழுத்து, ஒரு நிமிடம் பொறுத்து, சீஸை மூன்று தரமாகத் தூவுங்கள். கொதிக்கும் சட்டியில் ஒரேயடியாகக் கொட்டினால் சீஸ் இழுபட்டு ஒரு கட்டியாகக் கரண்டியில் தொங்கும். மிளகு, பேக்கன், கடைசியில் எலுமிச்சை. உப்புப் பார்ப்பது இதற்கும் பிறகு. சட்டியில் கொஞ்சம் தளர்வாகத் தெரிய வேண்டும். தட்டுக்குப் போகும் நேரத்துக்குள் பாஸ்தா குடித்து இறுகிவிடும். மூடி வைக்கவும் வேண்டாம். ரோமாபுரிக்காரர் இதைத் தங்கள் ஊர்ப் பாஸ்தாவான கார்பொனாரா என்று ஏற்கமாட்டார்கள். அவர்களுடையதில் கிறீமே கிடையாது, முட்டையும் பெக்கரீனோ சீஸும்தான். இது வட அமெரிக்கக் குசினிகளின் பாஸ்தா, அந்தப் பெயரில்லாமலே ருசியாக இருக்கும்.

பிள்ளைகளின் மறுநாள் மதியத்துக்கு வைப்பதானால் இரண்டு மணித்தியாலத்துக்குள் குளிர்ப்பெட்டியில் வையுங்கள். காலையில் இரண்டு மேசைக்கரண்டி பால் விட்டு, மெல்லிய சூட்டில் ஆவி பறக்கச் சூடாக்குங்கள். சூடு காக்கும் போத்தலில் முதலில் கொதிநீர் விட்டு ஐந்து நிமிடம் மூடி வைத்து, அதை ஊற்றிவிட்டுப் பாஸ்தாவைப் போட்டால் மதியம்வரை சூடு நிற்கும்.

மாலை ஆறரைக்குத் தட்டு மேசைக்கு வரும். வெளியே பனி, யன்னலில் ஆவி, கூரைத் தட்டு சத்தமில்லாமல் இருக்கிறது. யாழ்ப்பாணத்தில் அப்போது மறுநாள் அதிகாலை ஐந்து மணி. திருவலையில் தேங்காய் துருவும் சத்தம் கேட்கத் தொடங்கியிருக்கும், காலைச் சொதிக்கு முதற்பால் பிழிய.