சாட்சி பேசும்போது கேமரா எங்கே இருந்தது?

நீதிமன்ற விசாரணையைப் படம்பிடித்திருந்தால், சாட்சி சொன்னது முழுவதும் பத்திரமாக இருக்கிறது என்று நினைத்துக்கொள்கிறோம். இரண்டாம் உலகப் போருக்குப் பின் ஜெர்மனியின் நூரம்பர்கில் நாஜித் தலைவர்கள் மீது நடந்த வழக்கு, யூதர்களைக் கொலை முகாம்களுக்கு அனுப்பும் வேலையை நடத்திய நாஜி அதிகாரி ஐக்மன் மீது ஜெருசலேமில் நடந்த வழக்கு, இந்த இரண்டின் பதிவுகளோடு கொஞ்ச நாள் புழங்கினால் அந்த நினைப்பு போய்விடும்.

நூரம்பர்க் முதல் வழக்கு (1945–46) 403 அமர்வுகள் ஓடியது. அரசுத் தரப்பில் நேரில் வந்த சாட்சிகள் 33 பேர்தான். அமெரிக்கத் தலைமை வழக்கறிஞர் ராபர்ட் ஜாக்சன் நாஜிகளின் சொந்த ஆவணங்களையே பெரிதும் நம்பினார். குறுக்கு விசாரணையில் சாட்சியைத் தடுமாற வைக்கலாம். கையெழுத்துப் போட்ட உத்தரவை என்ன செய்ய முடியும்? ஒலி முழுக்கப் பதிவானது, படமோ சுமார் 25 மணி நேரம்தான். அதனால் எழுத்துப் பதிவையும் ஒலியையும் முதலில் எடுத்துக்கொண்டு, பிறகே படத்தைத் தேட வேண்டும்.

இன்னொன்று: விசாரணை நான்கு மொழிகளில் உடனுக்குடன் மொழிபெயர்க்கப்பட்டது. மஞ்சள் விளக்கு எரிந்தால் மெதுவாகப் பேச வேண்டும், சிவப்பு எரிந்தால் நிறுத்த வேண்டும். விளக்கு படச்சட்டத்துக்குள் வராவிட்டால், சாட்சி இழுத்து இழுத்துப் பேசுவது தயக்கம்போலவே தெரியும். பொய் சொல்கிறார் என்று அதை வைத்து முடிவுகட்டினால் மோசம்போவோம்.

1961இல் ஜெருசலேமில் ஐக்மன் வழக்கின் அரசுத் தரப்பு வழக்கறிஞர் கிடியன் ஹௌஸ்னர் நேர்மாறான வழியில் போனார். நூறுக்கும் மேற்பட்ட சாட்சிகள். அவர்களில் பலர் ஐக்மனை நேரில் பார்த்தே இராதவர்கள். சட்டப்படி அது பலவீனம்தான். ஆனால் நடந்த கொடுமையை உலகம் கேட்க வேண்டும் என்பது அவர் கணக்கு. அரங்கில் நான்கு கேமராக்கள் மறைத்து வைக்கப்பட்டிருந்தன. இயக்குநர் லியோ ஹர்விட்ஸ் அந்த நான்கு காட்சிகளில் ஒன்றை அவ்வப்போது தேர்ந்தெடுக்க, அது மட்டும் நாடாவில் ஏறியது. சாட்சி பேசிக்கொண்டிருக்கும்போது ஹர்விட்ஸ் கண்ணாடிக் கூண்டிலிருந்த ஐக்மனுக்குத் தாவினால், சாட்சியின் முகம் அந்த நொடிகளில் எப்படி இருந்தது என்பது போனது போனதுதான். எனக்கு இதுதான் பெரிய இழப்பாகப் படுகிறது.

அந்த வழக்கில் அதிகம் பரவிய படத்துண்டு, ஜூன் 7 அன்று எழுத்தாளர் யெஹியல் தினூர் சாட்சிக் கூண்டருகே மயங்கி விழுவது. அதற்குச் சற்று முன் ஹௌஸ்னர் கேள்வி கேட்க முயல்கிறார், தலைமை நீதிபதி மோஷே லாண்டாவ் குறுக்கிடுகிறார். துண்டாக வெட்டும்போது முதலில் விடுபட்டுப்போவது இந்தப் பகுதிதான். தினூரின் சாட்சியமோ குறுக்கு விசாரணைக்கே போகாத ஒன்று.