கண்ணகி நகரில் ஒரு தெரு நாடகம்

நேற்று சாயங்காலம் சென்னை கண்ணகி நகரில் ஒரு தெரு நாடகம் பார்த்தேன். இயக்குநர் பல வருஷம் மேடையில் நடித்தவர். இப்போது அந்தப் பகுதிப் பெண்களையே நடிக்க வைக்கிறார். தண்ணி லாரிச் சண்டைதான் கதை. பாதியில் நிறுத்தி, "இந்த எடத்துல நீங்க இருந்தா என்ன செய்வீங்க?" என்று கூட்டத்தைக் கேட்டார். ஒரு அக்கா குடத்தோடு எழுந்து வந்து, லாரிக்காரராக நடித்தவரை ஒரு பிடி பிடித்துவிட்டார்! பாவம், அவருக்கு வசனமே மறந்துபோச்சு.

இப்படிப் பார்வையாளரையும் நடிக்க வைப்பது, பிரேசில் நாடகக்காரர் அகஸ்தோ போவால் 1970களில் உருவாக்கிய முறை. தெரு நாடகம் நம்மூருக்குப் புதுசில்லை, நாடக இயக்குநர் பிரளயனின் சென்னைக் கலைக்குழு 1984இலிருந்தே இயங்குகிறது. ஆனால் பார்க்க வந்தவரே கதையைத் திருப்புவதை நான் இப்போதுதான் நேரில் பார்க்கிறேன். செட்டு, லைட்டு எதுவும் கிடையாது. ஒரு பறை, நாலு காலிக் குடம், அவ்வளவுதான். முடிந்ததும் சிலர் அங்கேயே உட்கார்ந்து குடிநீர் வாரியத்துக்கு மனு எழுத ஆரம்பித்தார்கள். அடுத்தது பெரும்பாக்கத்திலாம். யார் யார் வர்றீங்க?