விவாகரத்தில் சொத்து: ஜூன் மாதக் குறிப்புகள்

ஜூன் 2, 2025

விவாகரத்து ஆனால் பாதிச் சொத்து தானாக வந்துவிடும் என்று நம்புகிறவர்கள் இன்னும் நிறைய. இந்து திருமணச் சட்டத்தில் அப்படி ஒரு விதி கிடையாது. கோவாவில் மட்டும் பழைய போர்த்துகீசிய சிவில் சட்டத்தின்படி தம்பதியின் சொத்து பொதுவில் சேர்ந்து, பிரியும்போது பாதியாகும். மற்ற இடங்களில் முதலில் பார்ப்பது பத்திரத்தில் யார் பெயர் என்பதைத்தான். இந்து திருமணச் சட்டத்தில் 27-வது பிரிவு உண்டு. ஆனால் அது திருமணத்தையொட்டி இருவருக்கும் பொதுவாகக் கொடுக்கப்பட்டவற்றை மட்டுமே தொடுகிறது. பிற்பாடு வாங்கிய வீடு, மனைக்கு குடும்ப நீதிமன்றச் சட்டம் 7-வது பிரிவின்படி தனியாகக் கேட்க வேண்டும். விவாகரத்து மனுவில் ஒரு பாராவாகச் சேர்த்தால் போதும் என்று இருந்துவிடாதீர்கள்.

ஜூன் 5

சீதனத்தில், அதாவது பெண்ணுக்கென்று கொடுத்த நகை, பணம், பொருளில், பங்கு என்ற பேச்சே இல்லை. அது முழுக்கப் பெண்ணுடையது, திருப்பிக் கொடுக்க வேண்டியது. உச்ச நீதிமன்றம் இதை 1985-இல் தெளிவாகச் சொன்னது, 2024-இல் மறுபடியும் உறுதி செய்தது.

உரிமை தெளிவாக இருந்தும் வழக்கு தோற்பது பட்டியலில்தான். "80 பவுன் நகை" என்று ஒரே வரியில் எழுதினால் எதிர்த்தரப்பு "எந்த 80 பவுன்?" என்று கேட்கும். ஒவ்வொரு நகைக்கும் ஒரு வரி வேண்டும்: பெயர், மொத்த எடை, கல் நீக்கிய எடை, ரசீதில் இருந்தால் ஆறு எழுத்து ஹால்மார்க் எண், யார் கொடுத்தது, கடைசியாக எங்கே இருந்தது. பக்கத்திலேயே அந்த நகை தெரியும் கல்யாணப் போட்டோ. ரசீது தொலைந்திருந்தால் அடகு வைத்த சீட்டு நல்ல சாட்சி. எடையும் தேதியும் அதிலேயே இருக்கும். லாக்கர் என்றால் யார், எந்தத் தேதியில் திறந்தார் என்பது வங்கிப் பதிவேட்டில் இருக்கிறது. அதை வரவழைக்க நீதிமன்றத்தில் மனு போடலாம்.

மனுவில் "நகைகளைத் திருப்பித் தர வேண்டும், இயலாவிட்டால் திருப்பித் தரும் நாளின் சந்தை மதிப்பு" என்று கேளுங்கள். கல்யாண நாள் விலையைக் கேட்டால் அதுதான் கிடைக்கும்.

ஜூன் 11

கூட்டுப் பெயரில் வீடு. அதிகம் சண்டை வருவது இங்கேதான்.

பத்திரத்தில் பங்கு விகிதம் எழுதியிருந்தால் அதுதான் தொடக்கம். எழுதாவிட்டால் சொத்து மாற்றுச் சட்டம் 45-வது பிரிவு: யார் எவ்வளவு பணம் போட்டார்களோ அந்த விகிதம், காட்ட ஆதாரம் இல்லையென்றால் சரிபாதி. அதனால் முன்பணம் எந்தக் கணக்கிலிருந்து போனது, மாதத் தவணை எந்தக் கணக்கில் பிடித்தார்கள் என்ற பாஸ்புக் பக்கங்களை இப்போதே எடுத்து வையுங்கள். பழைய கணக்கு விவரங்களை வங்கியிலிருந்து பிறகு வாங்குவது சிரமம்.

வீடு கணவர் பெயரில் மட்டும், மனைவி வேலைக்குப் போகாதவர் என்றால்? 2023 ஜூனில் சென்னை உயர் நீதிமன்றம், மனைவி வீட்டைப் பார்த்துக்கொண்ட உழைப்பும் சொத்து வாங்கக் கொடுத்த பங்களிப்பே என்று சொல்லிச் சமபங்கை ஏற்றது. வரவேற்க வேண்டிய தீர்ப்பு. ஆனாலும் அதைக் கொண்டு எல்லா வழக்கிலும் பாதி கிடைத்துவிடும் என்று கணக்குப் போட வேண்டாம்.

கணக்கு ஒன்று: வீட்டின் இன்றைய மதிப்பு 80 லட்சம், வங்கியில் நிற்கும் அசல் 28 லட்சம். பிரிக்க வேண்டியது 52 லட்சம். சமபங்கு என்றால் வீட்டை வைத்துக்கொள்கிறவர் மற்றவருக்கு 26 லட்சம் கொடுத்து, கடனையும் ஏற்க வேண்டும். 80-இல் பாதி 40 என்று பிடிவாதம் பிடித்துப் பேச்சுவார்த்தை முறிவது வழக்கமாக நடக்கிறது.

ஜூன் 12

நேற்றைய கணக்கில் விட்டது வங்கி. "கடனை இனி அவர் கட்டுவார்" என்று இருவரும் எழுதிக்கொள்வது வங்கியைக் கட்டுப்படுத்தாது. கையெழுத்துப் போட்ட இணைக்கடனாளியை வங்கி எழுத்தில் விடுவிக்கும் வரை அவரும் பொறுப்பு. தவணை தவறினால் அவருடைய சிபில் மதிப்பெண்ணும் விழும். வங்கி, வீட்டை வைத்துக்கொள்பவரின் வருமானத்தை மட்டும் தனியாகப் பார்க்கும். போதாது என்றால் விடுவிக்காது. அசல் பத்திரமும் வங்கியில் அடமானமாக இருப்பதால் தடையில்லாச் சான்று வாங்கிய பிறகே விடுதலைப் பத்திரம் (ஒருவர் தன் பங்கை மற்றவருக்கு விட்டுக்கொடுக்கும் பத்திரம்).

ஜூன் 18

நாள் வரிசை ரொம்ப முக்கியம். தமிழ்நாட்டில் குடும்ப உறுப்பினர்களுக்கிடையே விடுதலைப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 1 சதவீதம். 2023 ஜூலையிலிருந்து உச்சவரம்பு 40,000 ரூபாய், பதிவுக் கட்டணத்துக்கு 10,000. கணவன் மனைவி என்ற உறவு இருக்கும்போதுதான் இந்தச் சலுகை. தீர்ப்பு வந்த மறுநாள் பதிந்தால் செலவு பல மடங்கு.

ஆனால் பரஸ்பர சம்மத மனுவில் தீர்ப்பு வரும் வரை யாரும் சம்மதத்தைத் திரும்பப் பெறலாம். பத்திரம் கொடுத்துவிட்டு எதிர்த்தரப்பு பின்வாங்கினால் தவிப்பு. அதனால் தீர்ப்புக்கு முன் இருவரும் நீதிமன்றத்தில் சம்மதத்தை உறுதி செய்யும் இரண்டாவது வாக்குமூலத்துக்குச் சில நாள் முன்பு பதிவு, அதே மேசையில் டிமாண்ட் டிராஃப்ட், பத்திர எண்ணைக் கூட்டு மனுவில் குறிப்பது என்ற வரிசையே இருவருக்கும் பாதுகாப்பு. சமரசத் தீர்ப்பாணையிலேயே வீட்டை எழுதிவிடலாம் என்பார்கள். வீடு அந்த வழக்கின் சொத்து விவரத்தில் இல்லாதிருந்தால் அந்த ஆணையையும் பதிவு செய்தாக வேண்டும்.

ஜூன் 24

ஜீவனாம்ச வழக்கில் சொத்து, கடன் விவரப் பிரமாணப் பத்திரம் இருவருமே தாக்கல் செய்ய வேண்டும் (உச்ச நீதிமன்றம், நவம்பர் 2020). மறைத்தால் வில்லங்கச் சான்று, வருமான வரிக் கணக்கு, படிவம் 26ஏஎஸ் (பிடித்த வருமான வரியின் விவரம்) மூன்றும் சேர்ந்து பெரும்பாலும் காட்டிக்கொடுத்துவிடும். இந்து திருமணச் சட்டம் 25-வது பிரிவில் ஜீவனாம்சத் தொகை ஆணையானால், அதற்குக் கணவரின் அசையாச் சொத்தை ஈடாக்கி, அதன் மீது பொறுப்பு ஏற்படுத்தும்படி சேர்த்துக் கேளுங்கள். பலர் கேட்பதில்லை, பிறகு வசூலிக்க முடியாமல் அலைகிறார்கள்.

ஜூன் 30

தீர்ப்பு நகல் கைக்கு வந்ததும்: பட்டா, மின் இணைப்பு, சொத்து வரிப் பெயர் மாற்றம். இன்சூரன்ஸ், பி.எஃப்., வங்கி வைப்பு, மியூச்சுவல் ஃபண்ட் ஒவ்வொன்றிலும் நாமினியை நீங்களே மாற்ற வேண்டும்; விவாகரத்து அதைத் தானாக மாற்றாது. கூட்டு லாக்கரை இருவரும் சேர்ந்து போய்க் காலி செய்து, வங்கியில் ஒப்படைத்த கடிதத்தில் இருவரும் கையெழுத்திட்டு ஆளுக்கொரு நகல் வைத்துக்கொள்ளுங்கள்.